600-க்கு 540 வாங்கினால் ஜெர்மனியில் எவ்வளவு?

பிளஸ் டூவில் 600-க்கு 540 எடுத்த ஒருவர் அந்தச் சான்றிதழை ஜெர்மனிக்கு அனுப்பினால், அங்கே அது 540 ஆகவும் இருக்காது, 90 விழுக்காடாகவும் இருக்காது. 1.4 என்ற எண்ணாக மாறிவிடும். முதல்முறை இதைப் பார்ப்பவருக்குத் தூக்கிவாரிப் போடும். ஆனால் 1.4 என்பது அங்கே மிக நல்ல எண். ஜெர்மன் அளவில் 1.0 தான் உச்சம், 4.0 தேர்ச்சியின் கடைசிப் படி, அதற்கும் மேலே போனால் ஃபெயில். நம் ஊரில் ரேங்க் பார்ப்பதுபோல எண் சிறியதாக இருந்தால்தான் பெருமை.

இந்த மாற்றம் எப்படி நடக்கிறது, எங்கே தவறு நேர்கிறது என்பதைத்தான் இங்கே பார்க்கப்போகிறோம். தமிழ்நாட்டு மாநிலப் பாடத்திட்டம், சிபிஎஸ்இ, சர்வதேசப் பள்ளிகளின் ஐபி டிப்ளமோ ஆகிய மூன்றையும் வைத்துக் கணக்குப் போடலாம். பள்ளிச் சான்றிதழோடு இளநிலைப் படிப்புக்கு விண்ணப்பிப்பவர்களுக்கானது இது. முதுநிலைக்குப் போகிறவர்களுக்கும் சூத்திரம் ஒன்றுதான், உள்ளே போடும் எண்கள்தான் வேறு.

ஜெர்மன் பிள்ளைகள் பள்ளி முடிக்கும்போது அபிட்டூர் என்ற தேர்வை எழுதுகிறார்கள். அதன் முடிவு 1.0 முதல் 4.0 வரையிலான ஒரே எண்ணாகச் சான்றிதழில் இருக்கும். இடம் குறைவாக இருக்கும் படிப்புகளில் அந்த எண்ணை வைத்துத்தான் வரிசைப்படுத்துவார்கள். வெளிநாட்டுப் பிள்ளையை அதே வரிசையில் நிறுத்த வேண்டுமென்றால் அவருடைய மதிப்பெண்ணையும் அதே அளவுக்குக் கொண்டுவர வேண்டும். ஜெர்மனியில் கல்வி மாநிலங்களின் அதிகாரம். 16 மாநிலங்களும் ஆளுக்கொரு கணக்கு வைத்தால் குழப்பம்தான் மிஞ்சும் என்பதால், மாநிலக் கல்வி அமைச்சர்களின் கூட்டமைப்பான கேஎம்கே ஒரே சூத்திரத்தை ஏற்றுக்கொண்டது. மாடிஃபைடு பவேரியன் ஃபார்முலா என்று எல்லோரும் சொல்வது அதைத்தான்.

ஜெர்மன் கிரேடு = 1 + 3 × (உச்சம் − பெற்றது) ÷ (உச்சம் − தேர்ச்சி)

உச்சம் என்பது அந்தத் தேர்வில் எடுக்கக்கூடிய அதிகபட்ச மதிப்பெண். தேர்ச்சி என்பது பாஸாவதற்கான குறைந்தபட்ச மதிப்பெண். பெற்றது, நீங்கள் எடுத்தது. மேலே உள்ள கழித்தல், உச்சத்திலிருந்து நீங்கள் எத்தனை படி இறங்கி நிற்கிறீர்கள் என்று கேட்கிறது. கீழே உள்ளது, உச்சத்திலிருந்து பாஸ் கோடு வரை மொத்தம் எத்தனை படி என்று கேட்கிறது. முதலாவதை இரண்டாவதால் வகுத்தால், இறக்கத்தில் உங்கள் பங்கு கிடைக்கும். ஜெர்மன் அளவில் 1-இலிருந்து 4 வரை மூன்று படி என்பதால் அதை மூன்றால் பெருக்கி, தொடக்கப் படியான 1-ஐக் கூட்டுகிறோம். சதம் அடித்தவருக்கு மேலே பூஜ்யம் வரும், விடை 1. பாஸ் கோட்டில் நிற்பவருக்கு மேலும் கீழும் ஒரே எண், விடை 4. நீங்கள் போட்ட கணக்கு இந்த இரண்டு முனைகளிலும் சரியாக வந்தால் சூத்திரத்தைச் சரியாகப் பிடித்துவிட்டீர்கள் என்று அர்த்தம்.

540-ஐப் போட்டுப் பார்ப்போம். தமிழ்நாட்டு பிளஸ் டூவில் ஆறு பாடம், மொத்தம் 600. பாடத்துக்குப் பாஸ் மார்க் 35, ஆறுக்கும் சேர்த்து 210. உச்சத்திலிருந்து 60 இறக்கம், மொத்த இறக்கம் 390. மூன்றால் 60-ஐப் பெருக்கினால் 180, அதை 390-ஆல் வகுத்தால் 0.4615. ஒன்றைக் கூட்டினால் 1.4615.

அடிக்கடி கணக்குப் போட வேண்டியிருந்தால் இதைவிடச் சுலபமான வழி உண்டு. 390-ஐ மூன்றால் வகுத்தால் 130. ஆகவே 600-இலிருந்து உங்கள் மதிப்பெண்ணைக் கழித்து, 130-ஆல் வகுத்து, ஒன்றைக் கூட்டினால் போதும். இன்னும் கைக்கடக்கமாக: 13 மதிப்பெண் போனால் ஜெர்மன் கிரேடில் 0.1 போகும். 600-இலிருந்து 470-க்கு இறங்கினால் 2.0, 340-க்கு இறங்கினால் 3.0, 210-இல் 4.0. பழைய 1200 மதிப்பெண் சான்றிதழ் வைத்திருப்பவர்கள் பாடத்துக்கு 200, பாஸ் 70 என்று எழுதியவர்கள். அவர்களுக்கு உச்சம் 1200, தேர்ச்சி 420, 0.1-க்கு 26 மதிப்பெண். விகிதம் ஒன்றேதான் என்பதால் பழைய சான்றிதழ் என்பதால் லாபமும் இல்லை, நட்டமும் இல்லை.

இனி 1.4615-ஐ எப்படி எழுதுவது என்ற கேள்வி. பள்ளியில் சொல்லிக்கொடுத்தபடி முழுமையாக்கினால் 1.5. ஆனால் பள்ளிச் சான்றிதழ்களை மாற்றும்போது தசமப் புள்ளிக்குப் பிறகு ஓர் இலக்கத்தோடு நிறுத்திவிடுவார்கள். மீதியை வெட்டுவதுதான் வழக்கம், முழுமையாக்குவதில்லை. அதனால் விடை 1.4. சிறிய எண் நல்லது என்பதால் இந்த வெட்டு எப்போதும் மாணவருக்குச் சாதகமாகவே அமையும். 1.49 கூட 1.4 தான். இணையத்தில் கிடைக்கும் கால்குலேட்டர்கள் பலவும் முழுமையாக்கிக் காட்டுகின்றன, சில இரண்டு இலக்கம் காட்டுகின்றன. அங்கே 1.5 என்று பார்த்துவிட்டு, போன ஆண்டு 1.4 வரை எடுத்த படிப்பை ஒதுக்கிவிடும் பிள்ளைகள் உண்டு. விண்ணப்பிப்பதற்கு முன் கையால் ஒருமுறை போட்டுப் பாருங்கள்.

பாஸ் மார்க்கில்தான் கணக்கு கெடும்

சூத்திரத்தின் மூன்று எண்களில் நம் மக்கள் அதிகம் தவறவிடுவது தேர்ச்சி மதிப்பெண்ணைத்தான். மாநிலப் பாடத்திட்டத்தில் 35. சிபிஎஸ்இ-யில் 33. ஐசிஎஸ்இ பள்ளிகளின் பிளஸ் டூவான ஐஎஸ்சி-யில் முன்பு 40, பிறகு 35 ஆகக் குறைத்தார்கள். கால்குலேட்டரில் யாரோ முன்பே நிரப்பி வைத்த 40 அல்லது 50-ஐ அப்படியே விட்டுவிட்டு விடையைப் பார்த்துக் கலங்குவது வாடிக்கையாக நடப்பது.

எவ்வளவு கெடும் என்று பார்க்கலாம். 90 விழுக்காடு எடுத்தவருக்கு, பாஸ் 33 என்றால் 1.447, 35 என்றால் 1.461, 40 என்றால் 1.5, 50 என்றால் 1.6. பெரிய வித்தியாசம் இல்லை. இப்போது 60 விழுக்காடு எடுத்தவரை எடுத்துக்கொள்ளுங்கள். பாஸ் 33 என்றால் 2.79, 35 என்றால் 2.84, 40 என்றால் 3.0, 50 என்றால் 3.4. ஒரே மதிப்பெண், ஆனால் 2.7-க்கும் 3.4-க்கும் நடுவில் ஊசலாடுகிறது. உச்சத்துக்குப் பக்கத்தில் நிற்பவருக்குக் கீழே கோடு எங்கே இருந்தாலும் பெரிதாகப் பாதிக்காது. நடுவில் நிற்பவருக்குத்தான் அந்தக் கோடு மேலே ஏற ஏறக் கால் தரையைத் தட்டும். ஆக, சுமாரான மதிப்பெண் எடுத்தவர்கள்தான் பாஸ் மார்க்கை இரண்டு முறை சரிபார்க்க வேண்டியவர்கள். முதல் மதிப்பெண் வாங்கியவர் 33 போட்டாலும் 40 போட்டாலும் ஒன்றும் குடிமுழுகிப் போகாது.

இதில் ஒரு நுட்பம். ஜெர்மன் பல்கலைக்கழகத்தில் சேர மொத்தத்தில் குறைந்தது 50 விழுக்காடு வேண்டும் என்பது போன்ற நிபந்தனைகளைப் படித்தவர்கள், அந்த 50-ஐத் தேர்ச்சி மதிப்பெண்ணாகச் சூத்திரத்தில் போட்டுவிடுகிறார்கள். அது உள்ளே வருவதற்கான நிபந்தனை, உங்கள் தேர்வு வாரியத்தின் பாஸ் மார்க் அல்ல. சூத்திரம் கேட்பது உங்கள் வாரியம் யாரை பாஸ் என்று சொல்கிறது என்பதை மட்டும்தான்.

அதேபோல, எந்த அளவில் உச்சத்தை எடுக்கிறீர்களோ அதே அளவில்தான் மற்ற இரண்டும் இருக்க வேண்டும். உச்சத்துக்கு 600, பெற்றதற்கு 90, தேர்ச்சிக்கு 35 என்று கலந்தடித்தால் 3.7 என்று வரும். தலைசுற்றும் விடை வந்தால் முதலில் இதைத்தான் சந்தேகிக்க வேண்டும். கல்லூரி மதிப்பெண்ணை மாற்றுபவர்கள் செய்யும் இன்னொரு தவறும் இதன் உறவினர்தான். 10-க்கு 8 என்று இருக்கும் சிஜிபிஏ-வை ஏதோ ஒரு பெருக்கலால் விழுக்காடாக்கி, அதை மறுபடியும் சூத்திரத்தில் போடுவார்கள். தேவையே இல்லை. உச்சம் 10, பெற்றது 8, தேர்ச்சி உங்கள் மதிப்பெண் பட்டியலின் பின்பக்கத்தில் பாஸ் என்று குறித்திருக்கும் மிகக் குறைந்த புள்ளி. அது 5 என்றால் விடை 2.2.

தமிழும் ஆங்கிலமும் இங்கே எண்ணப்படும்

பொறியியல் கலந்தாய்வைப் பார்த்து வளர்ந்த வீடுகளில் ஒரு பழக்கம் உண்டு. கணக்கு, இயற்பியல், வேதியியல் மூன்றும் கட்-ஆஃபில் வரும், ஆகவே அவற்றில் உயிரைக் கொடு. தமிழ், ஆங்கிலம் பாஸ் ஆனால் போதும். உள்ளூர்க் கலந்தாய்வுக்கு இது சரியான தந்திரம்தான். ஜெர்மன் மாற்றத்தில் இது காலை வாரிவிடும். அங்கே பார்ப்பது முழுச் சான்றிதழின் மொத்தத்தை.

கணக்கில் 98, இயற்பியலில் 96, வேதியியலில் 96 எடுத்த ஒருவரின் கட்-ஆஃப் 200-க்கு 194. கணக்கு அப்படியே, மற்ற இரண்டும் பாதிப் பாதி. நல்ல கல்லூரியை எட்டிப்பிடிக்கும் எண். அவரே கணினி அறிவியலில் 92, தமிழில் 70, ஆங்கிலத்தில் 72 எடுத்திருந்தால் மொத்தம் 524. அதை 600-இலிருந்து கழித்தால் 76, 130-ஆல் வகுத்தால் 0.584, ஆக ஜெர்மன் கிரேடு 1.5. தமிழில் 92, ஆங்கிலத்தில் 90 எடுத்திருந்தால் மொத்தம் 564, கிரேடு 1.2. கட்-ஆஃப் இரண்டிலும் அதே 194. உள்ளூரில் இருவரும் ஒரே வரிசையில் நிற்பார்கள். அங்கே நடுவில் 0.3 இடைவெளி விழுந்துவிட்டது, அதில் எத்தனை பேர் வேண்டுமானாலும் நுழையலாம்.

பதினொன்றாம் வகுப்பிலேயே ஜெர்மனி என்று முடிவு செய்துவிட்ட வீட்டில், மொழிப்பாடத்துக்கு ஒரு மணி நேரம் கூடுதலாக ஒதுக்குவதுதான் மிக மலிவான முதலீடு. வேதியியலில் 96-ஐ 98 ஆக்க எடுக்கும் பாடு, தமிழில் 70-ஐ 85 ஆக்கத் தேவைப்படாது.

ஐபி எழுதியவர்களின் கணக்கு

சர்வதேசப் பள்ளிகளில் ஐபி டிப்ளமோ எழுதுபவர்களுக்கு மொத்தப் புள்ளி 45. ஆனால் சூத்திரத்தில் உச்சமாகப் போடுவது 42. ஆறு பாடம், பாடத்துக்கு அதிகபட்சம் 7, ஆக 42. மீதி மூன்று புள்ளி நீண்ட கட்டுரைக்கும் அறிவுக் கோட்பாடு என்ற பாடத்துக்கும் சேர்த்துக் கொடுக்கப்படும் போனஸ். உங்கள் மொத்தப் புள்ளியில் அந்தப் போனஸ் சேர்ந்தே இருக்கும், உச்சத்தில் மட்டும் சேராது. மாணவருக்கு இது இரட்டை லாபம். தேர்ச்சிக்கு 24.

42-க்கும் 24-க்கும் இடையே 18. மூன்றால் வகுத்தால் 6. எனவே 42-இலிருந்து உங்கள் புள்ளியைக் கழித்து, 6-ஆல் வகுத்து, ஒன்றைக் கூட்டினால் வேலை முடிந்தது. 39 புள்ளி என்றால் 1.5, 36 என்றால் 2.0, 33 என்றால் 2.5, 30 என்றால் 3.0. 45 எடுத்தவர் சூத்திரத்தில் போட்டால் 0.5 வரும். அப்படியொரு கிரேடு கிடையாது. 42-உம் அதற்கு மேலும் எல்லாம் 1.0 தான். உச்சமாக 45-ஐப் போட்டுக் கணக்கிட்டால் என்ன ஆகும்? 36 புள்ளிக்காரருக்கு 2.2 வரும், உண்மையான 2.0-ஐ விட மோசமாக. பள்ளியில் கையேடாகக் கொடுக்கும் அட்டவணைகளில்கூட இந்தத் தவறு புகுந்துவிடுவதுண்டு.

ஐபிக்கு எண்ணைவிடப் பெரிய கண்ணி பாடத் தேர்வில் இருக்கிறது. கணக்கு அல்லது இயற்கை அறிவியல் பாடங்களில் ஒன்றையாவது உயர்நிலையில் (ஹையர் லெவல்) எடுத்திருக்க வேண்டும் என்பது ஜெர்மனியின் நிபந்தனைகளில் ஒன்று. 40 புள்ளி எடுத்துவிட்டு, உயர்நிலையில் வணிகம், பொருளியல், இலக்கியம் என்று மட்டும் எடுத்திருந்தால் அந்த டிப்ளமோவுக்கு நேரடி நுழைவு கிடைக்காது. இதை டிப்ளமோ தொடங்கும் முன்பே பார்த்துவிட வேண்டும். முடித்தபின் திருத்த முடியாது. எந்தக் கணக்குப் பாடப்பிரிவு எந்தப் படிப்புக்குச் செல்லும் என்பதிலும் வேறுபாடு உண்டு.

எண் இல்லாத சான்றிதழ்கள்

சூத்திரத்துக்கு எண் வேண்டும். கேம்பிரிட்ஜ் ஏ லெவல் சான்றிதழில் இருப்பது எழுத்து: உச்சத்தில் நட்சத்திரம் போட்ட ஏ, கீழே பாஸாகும் கடைசி எழுத்து இ. முடிவு வரும் நாளில் கொடுக்கும் தாளில் பாட விழுக்காடு இருக்கும், ஆனால் இறுதிச் சான்றிதழில் அது அச்சாகாது. மதிப்பிடுபவர்கள் எழுத்துகளை எண்ணாக மாற்றித்தான் தொடங்குவார்கள். நீங்கள் 89 விழுக்காடு என்று சொல்லிப் பயனில்லை, அது ஓர் ஏ, அவ்வளவுதான். அதோடு ஏ லெவலில் எழுதிய மூன்று பாடத்தை மட்டும் வைத்து நுழைவுத் தகுதியை முடிவு செய்வதில்லை. அதற்குக் கீழ்நிலைத் தேர்வில் எழுதிய பாடங்களையும் சேர்த்தே பார்ப்பார்கள். ஆகவே பத்தாம் நிலைச் சான்றிதழைத் தொலைத்துவிடாதீர்கள்.

சிபிஎஸ்இ-யில் மதிப்பெண்ணோடு ஏ1, ஏ2 என்ற எழுத்தும் இருக்கும். அதைத் தொடவே கூடாது. அந்த எழுத்து உங்கள் மதிப்பெண்ணைச் சொல்வதில்லை. அந்தப் பாடத்தில் தேர்ச்சி பெற்றவர்களில் முதல் எட்டில் ஒரு பங்கில் இருப்பவருக்கு ஏ1, அடுத்த எட்டில் ஒரு பங்குக்கு ஏ2 என்று இடத்தை வைத்துக் கொடுக்கப்படுவது அது. ஒரு பாடத்தில் 95-க்கு ஏ1 கிடைக்கும், இன்னொன்றில் அதே 95-க்கு ஏ2 கிடைக்கலாம். மாற்றத்துக்கு மதிப்பெண் பத்தியை மட்டும் எடுங்கள்.

இலங்கையில் உயர்தரம் எழுதியவர்கள் இசட் புள்ளியை இந்தச் சூத்திரத்தில் போடலாமா என்று கேட்பதுண்டு. போட முடியாது. சராசரியிலிருந்து எவ்வளவு தள்ளி நிற்கிறீர்கள் என்பதைச் சொல்லும் எண் அது. அதற்கு நிலையான உச்சமும் இல்லை, பாஸ் கோடும் இல்லை, கழித்தல் குறியோடுகூட வரும். உள்நாட்டுப் பல்கலைக்கழக இடங்களைப் பங்கிடுவதோடு அதன் வேலை முடிந்தது. வெளியே பார்ப்பது ஏ, பி, சி, எஸ் என்ற பாடச் சித்திகளைத்தான்.

சூத்திரம் நியாயமானதா என்ற கேள்வியும் இந்த இடத்தில்தான் எழும். பிரிட்டிஷ் பாணியில் 70 வந்தாலே டிஸ்டிங்ஷன் என்று மதிப்பெண்ணை இறுக்கிப் பிடிக்கும் இடத்தில் படித்தவர், பாஸ் 40 என்ற கணக்கில் 70-ஐப் போட்டால் 2.5 வருகிறது. நம் ஊரில் சென்டம் சர்வசாதாரணம். இங்கே கணக்கில் 100 எடுப்பவர்களின் எண்ணிக்கை ஆண்டுதோறும் செய்தியாகும். எல்லா மதிப்பெண்ணும் உச்சத்துக்கும் பாஸ் கோட்டுக்கும் நடுவே சீராகப் பரவியிருக்கிறது என்று சூத்திரம் எடுத்துக்கொள்கிறது. தமிழ்நாட்டு மாணவருக்கு இது சாதகம் என்பதே எங்கள் கருத்து. 90 எடுத்தவர் எத்தனை பேர் என்று சூத்திரம் கேட்பதே இல்லை.

கிரேடுக்கு முன்னால் ஒரு கதவு

இவ்வளவு கணக்கும் இரண்டாவது கட்டம். முதல் கட்டம், இந்தச் சான்றிதழ் பல்கலைக்கழகத்தில் நுழையத் தகுதி தருகிறதா என்பது. 1.0 வந்தாலும் முதல் கதவு திறக்காவிட்டால் பயனில்லை. இதைப் பார்க்க அனபின் என்ற திறந்த தகவல் தளம் இருக்கிறது. ஜெர்மன் மொழியில்தான் இருக்கும், நாட்டையும் சான்றிதழின் பெயரையும் தேர்ந்தெடுத்தால் வழி காட்டும்.

இந்திய பிளஸ் டூ மட்டும் இருந்தால் பொதுவாக நேரடியாக முதலாண்டில் சேர முடியாது. ஜேஇஇ அட்வான்ஸ்டில் தேறியிருந்தால் தொழில்நுட்பம், இயற்கை அறிவியல் பக்கம் நேரடி வழி திறக்கும். இந்தியாவில் அங்கீகாரம் பெற்ற பல்கலைக்கழகத்தில் ஓராண்டை வெற்றிகரமாக முடித்திருந்தால் அதே துறையில் சேரலாம். இல்லையென்றால் ஸ்டூடியன்கொலெக் என்ற ஓராண்டு ஆயத்தப் படிப்பு. அதன் முடிவில் தகுதித் தேர்வு ஒன்று வரும்.

அந்தத் தேர்வு எழுதியவர்களுக்குக் கிரேடு மாறும் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. பள்ளிச் சான்றிதழின் மாற்றிய கிரேடையும் தகுதித் தேர்வின் கிரேடையும் கூட்டி இரண்டால் வகுப்பதுதான் வழக்கம். பள்ளியில் 1.5, தகுதித் தேர்வில் 2.1 என்றால் கையில் மிஞ்சுவது 1.8. பள்ளியில் 2.7 எடுத்தவர் தகுதித் தேர்வில் 1.5 எடுத்தால் 2.1-க்கு ஏறிவிடுவார். பள்ளி மதிப்பெண் கையை விட்டுப் போன ஒருவருக்குக் கணக்கைத் திருத்திக்கொள்ளக் கிடைக்கும் வாய்ப்பு இது ஒன்றுதான்.

மாற்றிய எண் எங்கே பயன்படும் என்றால், என்சி என்று சொல்லப்படும் இட வரம்புள்ள படிப்புகளில். ‘இந்தப் படிப்புக்கு என்சி 1.7’ என்று ஒரு பட்டியலில் பார்த்தால், அது முன்கூட்டி வைத்த கோடு அல்ல. போன பருவத்தில் கடைசியாக இடம் கிடைத்தவரின் கிரேடு 1.7 என்று பொருள். நம் கலந்தாய்வில் போன ஆண்டின் கடைசி கட்-ஆஃபைப் பார்த்துக் கல்லூரியைக் குறித்துவைப்பதுபோலத்தான். ஆண்டுக்கு ஆண்டு மாறும். இன்னொன்று, ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வருபவர்களுக்கு ஒரு சிறிய பங்கு இடம் தனியாக வைத்திருப்பார்கள். வெளியிடப்படும் என்சி பெரும்பாலும் ஜெர்மன் மாணவர்களின் வரிசையில் வந்தது. 1.9 வைத்திருப்பவர் 1.7-ஐப் பார்த்துப் பின்வாங்க வேண்டாம், 1.5 வைத்திருப்பவர் உறுதியாகக் கிடைக்கும் என்று நினைக்கவும் வேண்டாம். வரம்பே இல்லாத படிப்புகளும் ஏராளம். அங்கே தகுதி இருந்தால் இடம் உண்டு, 1.4-உம் 2.9-உம் ஒன்றுதான். படிப்பைத் தேடும்போதே வரம்பு உண்டா இல்லையா என்று பார்த்துவிட்டால் பாதிக் கவலை குறையும்.

சில பல்கலைக்கழகங்கள் தங்கள் சொந்தத் தேர்வு முறை வைத்திருக்கின்றன. மியூனிக் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் பல படிப்புகளுக்கு மாற்றிய கிரேடைப் புள்ளியாக்கி, அதோடு துறை சார்ந்த தனிப்பாட மதிப்பெண்களையும் சேர்க்கிறார்கள். அப்படிப்பட்ட இடத்தில் மொத்தம் குறைந்தாலும் கணக்கும் இயற்பியலும் கைகொடுக்கும். முன்பு சொன்ன 524-காரர் குறிவைக்க வேண்டியது இத்தகைய இடங்களை.

கிரேடை அதிகாரபூர்வமாக மாற்றுபவர் நீங்கள் அல்ல. பல பல்கலைக்கழகங்கள் இந்த வேலையை பெர்லினில் உள்ள யூனி-அசிஸ்ட் என்ற அமைப்பிடம் கொடுத்திருக்கின்றன. முதல் விண்ணப்பத்துக்கு 75 யூரோ, அதே பருவத்தில் ஒவ்வொரு கூடுதல் விண்ணப்பத்துக்கும் 30 யூரோ. சில பல்கலைக்கழகங்களுக்கு யூனி-அசிஸ்ட் உங்கள் கோப்பை நேரடியாக அனுப்பிவிடும். வேறு சில, விபிடி என்ற முன் மதிப்பீட்டுத் தாளை மட்டும் அங்கே வாங்கி, பல்கலைக்கழகத்தின் சொந்தத் தளத்தில் நீங்களே ஏற்றச் சொல்லும். அந்தத் தாளில்தான் மாற்றிய கிரேடு அச்சாகியிருக்கும். இதையும் ஏபிஎஸ் சான்றிதழையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். புதுதில்லியில் உள்ள ஏபிஎஸ் உங்கள் ஆவணங்கள் அசலா என்று பார்த்துச் சொல்வது. 2022 நவம்பர் முதல் இந்திய மாணவர்களின் விசாவுக்கு அது கட்டாயம். கட்டணம் 18,000 ரூபாய். கிரேடை மாற்றித் தருவது அதன் வேலை அல்ல.

நாட்களைப் பொறுத்தவரை, குளிர்காலப் பருவத்துக்கு வரம்புள்ள படிப்புகளின் கடைசி நாள் வழக்கமாக ஜூலை 15. பிளஸ் டூ முடிவுகள் மே மாதத்தில் வந்துவிடுவதால் மாநிலப் பாடத்திட்டத்துக்கும் சிபிஎஸ்இ-க்கும் நேரம் இருக்கிறது, ஏபிஎஸ் கையில் வந்து சேரும் வாரங்களையும் கணக்கில் வைத்தால். ஐபி முடிவு ஜூலை முதல் வாரத்தில்தான் வரும், மிஞ்சுவது பத்து நாள். யூனி-அசிஸ்ட் ஒரு கோப்பைப் பார்த்து முடிக்க நான்கு முதல் ஆறு வாரம் எடுக்கும். ஐபி மாணவர்கள் முடிவு வரும் முன்பே கணக்குத் திறந்து, மற்ற ஆவணங்களை ஏற்றி, கட்டணத்தைச் செலுத்திவிட்டு, சான்றிதழை மட்டும் கடைசியில் சேர்க்கும்படி வைத்துக்கொள்ள வேண்டும். பணம் போய்ச் சேராத விண்ணப்பத்தை அவர்கள் திறந்துகூடப் பார்ப்பதில்லை. வெளிநாட்டுப் பணமாற்றம் இரண்டு மூன்று நாள் இழுத்தடித்தால் அதற்கு யாரும் பொறுப்பேற்க மாட்டார்கள்.

விபிடி வந்ததும் அதில் உள்ள எண்ணை உங்கள் கைக்கணக்கோடு ஒப்பிடுங்கள். 0.1 வித்தியாசம் இருந்தால் அநேகமாக நீங்கள் முழுமையாக்கியிருப்பீர்கள். அதற்கு மேல் வித்தியாசம் இருந்தால் அவர்கள் எடுத்துக்கொண்ட உச்சமோ தேர்ச்சியோ வேறாக இருக்கும், அல்லது ஒரு பாடம் விடுபட்டிருக்கும். துணைத் தேர்வு எழுதி இரண்டு மதிப்பெண் பட்டியல் வைத்திருப்பவர்களுக்கு, பழைய பட்டியலை மட்டும் ஏற்றியதால் இப்படி நேர்வதுண்டு. வாரியத்தின் பாஸ் மார்க் விதி அச்சாகியிருக்கும் பக்கத்தையும் விடுபட்ட பட்டியலையும் இணைத்து, மூன்று எண்களையும் தனித்தனியாகக் குறிப்பிட்டு, கடைசி நாளுக்கு முன்பே எழுதிக் கேளுங்கள்.